இரவற் குரலிற் காதல்

ஹிந்திக் காதற் படங்களுக்குத் தமிழ்க் குரல் பூட்டி மக்கள் முன் கொணரும் தொழிலைப் பற்றி நமது விமர்சகர்கள் பெரும்பாலும் வாய் திறப்பதில்லை. நேர்த் தமிழ்ப் படங்களைக் கண்டிப்பதற்கே அவர்களுக்குப் பொழுது போதவில்லை. மொழிமாற்றுப் படமோ அவர்களது கணக்கில் கலையுமன்று, கலையின் நிழலுமன்று. ஆயினும் எழுபது ஆண்டுகளுக்கு மேலாக இப்படங்கள் தமிழ் பேசும் மக்களிடையே உலவி வருகின்றன. ஓர் ஆணும் பெண்ணும் காதலைப் பற்றி எவ்வாறு உரையாடுவர், யார் யாரை எவ்வாறு விளிப்பர், ஏழைக்கும் செல்வனுக்கும் இடையே அன்பு தோன்றின் அது எங்ஙனம் முடிவுறும் என்பனவற்றையெல்லாம் மக்கள் இவற்றிலிருந்தும் கற்றிருக்கின்றனர். மக்கள் கற்கும் இடம் பள்ளிக்கூடமாயினும் படமாளிகையாயினும் அது நமது அக்கறைக்குரியதே.

இத்தொழில் குறித்து இரு கருத்துக்கள் வழங்குகின்றன. மொழிமாற்றுப் படமே ஹிந்தி ஆதிக்கத்தின் கொல்லைப்புற வழி என்பார் ஒரு சாரார். கலைக்கு மொழியில்லை, காதலுக்கும் மொழியில்லை, ஆகவே எவரும் எதையும் எம்மொழியிலும் பேசலாம் என்பார் மறு சாரார். முன்னவர் ஒரு விடயத்தை மறந்துவிடுகின்றனர்: ஹிந்தியைத் தமிழாக்கினால் ஒலிப்பது தமிழேயன்றி ஹிந்தியன்று. மேலும், ஹிந்தித் திணிப்பை எதிர்த்து 1965 இல் தமிழகம் கொந்தளித்ததன் பின்னரும், 1969 இல் வெளிவந்த 'ஆராதனா' சென்னையில் ஹிந்தியிலேயே நெடுநாள் ஓடிற்று. திணிப்பை எதிர்த்தவர்கள் பாட்டை எதிர்க்கவில்லை. பின்னவர் கூற்றோ வியாபாரிகளின் கூற்று. காதலுக்கு மொழி உண்டு. காதலைப் போல மொழியை முற்றாகச் சார்ந்து நிற்பது வேறொன்றில்லை என்பதே நமது கட்சி.

வரலாற்றைச் சுருங்கக் கூறுவோம். 1943 இற் கன்னடத்தில் எடுக்கப்பட்ட 'ஹரிச்சந்திரா'வுக்கு ஏ. வி. மெய்யப்பச் செட்டியார் தமிழ்க் குரல் கொடுத்து 1944 இல் வெளியிட்டார். இந்தியாவில் ஒரு மொழிப் படம் இன்னொரு மொழியைப் பேசத் தொடங்கியது அதனோடுதான் என்பர். புராணக் கதையில் எல்லோரும் எல்லா மொழியும் பேசலாம். சங்கடம் காதற் படத்தோடு வந்தது. மெஹ்பூப் கானின் 'ஆன்' (1952) அடுத்த ஆண்டிலேயே 'முரட்டு அடியாள்' என்ற அடைமொழியுடன் தமிழிற் பேசிற்று. ராஜ் கபூரும் நர்கிஸும் நடித்த 'ஆஹ்' (1953), 'அவன்' ஆயிற்று. 'உடன் கடோலா' (1955), 'வான ரதம்' ஆகி 1956 இல் வந்தது. 'மொகலே ஆஸம்' (1960), 'அக்பர்' என்ற பெயருடன் 1961 இல் வந்து தோற்றது.

இவை வருமுன்னரே இந்த இசைக்குச் செவிகள் பழகியிருந்தன என்பதையும், அப்பழக்கத்திற் கொழும்புக்கும் பங்குண்டு என்பதையும் குறிப்பிடுதல் வேண்டும். 1952 இல் இந்திய அமைச்சர் கேஸ்கர் அகில இந்திய வானொலியிற் சினிமாப் பாட்டைக் கட்டுப்படுத்திய காலத்தில், ரேடியோ சிலோனின் ஹிந்தி ஒலிபரப்புத்தான் அப்பாடல்களுக்குப் புகலிடம் கொடுத்தது. 'பினாக்கா கீத்மாலா' தொடங்கியதும் அவ்வாண்டிலேயே. பற்பசை விற்பதற்காக ஒலித்த அந்நிகழ்ச்சி நூலகங்கள் செய்யாததைச் செய்தது. ஹிந்தியில் ஒரு சொல்லும் அறியாத வீடுகளிலும் அம்மெட்டுக்கள் முணுமுணுக்கப்பட்டன. சிங்களச் சினிமா அவற்றை அப்படியே எடுத்துக்கொண்டு நெடுங்காலம் பிழைத்தது. 1956 இல் 'ரேகாவ' வரும்வரை அதற்கு வேறு வழி தெரிந்ததாகத் தோன்றவில்லை.

இனி, குரல் பூட்டும் வேலை நடைபெறும் முறையைச் சற்று நோக்குவோம். நமது வாதம் அதில்தான் தங்கியுள்ளது. படச்சுருளைச் சிறு சிறு துண்டுகளாக்கி, ஒவ்வொரு துண்டின் இரு முனைகளையும் ஒட்டி வளையமாக்கி, அதனைத் திரும்பத் திரும்பத் திரையில் ஓட்டுவர். குரல் கொடுப்பவர் அதனைப் பார்த்துப் பார்த்து, உதடு திறக்கும் கணத்தில் தாமும் திறந்து, மூடும் கணத்தில் மூடிப் பேசவேண்டும். கணினி வந்த பின் வளையம் மறைந்தது, உதடு மறையவில்லை. குதிரையோட்டத்திலும் வாட்போரிலும் உதட்டை எவரும் பார்ப்பதில்லை. காதற் காட்சியிலோ முகம் திரை முழுவதையும் அடைத்து நிற்கும். எனவே மொழிமாற்றுவதற்கு மிகக் கடினமானது காதற் படமே.

'ப்யார்' என்று ஹிந்தி நடிகன் சொல்லும்போது இதழ்கள் கூடிப் பிரிகின்றன. 'மொஹப்பத்' என்னும்போது இருமுறை கூடுகின்றன. 'காதல்' என்ற தமிழ்ச் சொல்லில் இதழ்கள் ஒருமுறையேனும் கூடுவதில்லை. திரையில் ஒட்டிய உதடுகளைக் காட்டிக்கொண்டு காதிற் 'காதல்' என்று ஒலித்தால் சிறுவரும் சிரிப்பர். ஆகவே எழுத்தாளர் 'பிரியம்' என்றும், 'பிரேமை' என்றும், 'அன்பு' என்றும் தேடி அலைய வேண்டியவராகிறார். மொழிமாற்றுப் படங்களின் காதல் வசனம் வடமொழி வாடை வீசுவதற்குப் புலமைச் செருக்கு மட்டுமே காரணமென நாம் எண்ணுதல் தவறு. உதட்டின் கட்டளையும் அதில் உண்டு. 'தும்' என்ற முன்னிலைச் சொல் வாய் மூடி முடிகிறது. 'நீ' வாய் திறந்து முடிகிறது. 'நீயும்' என்று ஓர் 'உம்'மைச் சேர்த்தால் வாய் பொருந்திவிடும், பொருள்தான் பிசகிவிடும். காரணமின்றி உம்மைகள் மலிந்த வசனங்களைக் கேட்போர் இனிமேல் அவற்றின் பிறப்பை அறிந்துகொள்வார்களாக. ஒரு நன்மையும் உண்டு: தமிழும் ஹிந்தியும் வினைச் சொல்லை வாக்கியத்தின் இறுதியில் வைப்பன. ஆதலால் நடிகனின் முகம் எங்கே மாறுகிறதோ அங்கேயே தமிழ் வாக்கியமும் பெரும்பாலும் திரும்பும். ஆங்கிலப் படத்துக்குத் தமிழ்க் குரல் பூட்டுவோருக்கு இப்பாக்கியம் இல்லை.

உதடு இடும் கட்டளையை மன்னிக்கலாம். உதட்டோடு எத்தொடர்புமற்ற பிறிதொன்றை நாம் மன்னிக்க இயலாது. ஹிந்தியில் முன்னிலைக்கு மூன்று படிகள் உண்டு: 'ஆப்', 'தும்', 'தூ'. பழைய குடும்பங்களில் மனைவி கணவனை 'ஆப்' என்றே மதித்து அழைப்பாள் என்பது மெய்தான். ஆயினும் சினிமாவின் காதலர், பெரும்பாலும், ஒருவரையொருவர் 'தும்' என்கின்றனர். அவன் அவளுக்குத் 'தும்'. அவள் அவனுக்குத் 'தும்'. 'ஆப்' என்று தொடங்கியவர்கள் 'தும்' என்று இறங்கி வருவதே சில படங்களிற் காதலின் முதல் வெளிப்பாடாக அமைகிறது. முத்தமோ பாட்டோ வேண்டாம்; ஒரு சொல் மாறியதும் பார்ப்போர் அறிந்துகொள்வர்.

தமிழ்க் குரல் பூட்டியதும் நிகழ்வது யாது? அவன் 'நீ' என்கிறான். அவள் 'நீங்கள்' என்கிறாள். திரையில் இருவரும் சமமாக நின்று பேசுகின்றனர். காதிற் பெண் ஒரு படி கீழே நின்று பேசுகிறாள். மூலத்தில் இல்லாத ஒரு பணிவு, பம்பாயின் இயக்குநர் நினைத்திராத ஓர் அடக்கம், சென்னையின் ஒலிப்பதிவுக் கூடத்திலே அவளது வாயில் ஊட்டப்படுகிறது. தமிழ் மரபைப் பேணுவதற்காகவே இவ்வாறு செய்கிறோம் என்று எழுத்தாளர் கூறக்கூடும். எந்த மரபை? சங்கத் தலைவி தலைவனை எவ்வாறு விளித்தாள் என்பதைத் தமிழாசிரியர்கள் அவருக்குச் சொல்லிக் கொடுக்கலாம். அண்மைக் காலத்து இளைஞர் படங்களில் இருவரும் 'நீ' என்று பேசத் தொடங்கியிருப்பதை நாம் மகிழ்ச்சியுடன் ஒப்புக்கொள்கிறோம். ஆனால் அவள் மனைவியாகிய மறு காட்சியிலேயே 'நீங்கள்' திரும்பி வருவதையும் கேட்கிறோம்.

இதிலே நமது நாட்டு வாசகர் சிந்திக்கத்தக்க ஒன்றுண்டு. 'தும்' என்ற நடுப்படிக்கு ஏறக்குறைய ஒத்த ஒரு சொல் தமிழில் இல்லாமற் போகவில்லை. 'நீர்' என்பது தமிழகத்தில் இன்று நாடக மேடையிலும் அரண்மனைக் காட்சியிலும் மட்டுமே பெரிதும் கேட்பது. யாழ்ப்பாணத்திலோ அது வீட்டுச் சொல். நண்பர் நண்பரையும், ஆசிரியர் வளர்ந்த மாணவரையும், கணவன் மனைவியையும் 'நீர்' என்று விளிப்பது இங்கு இன்றும் வழக்கு. அந்த நடுப்படி உயிரோடிருக்கும் தமிழ், குரல் பூட்டும் கூடத்துக்குள் ஒருபோதும் நுழைந்ததில்லை. அது நுழைந்தால் எல்லாம் சரியாகிவிடும் என்று நாம் சொல்ல வரவில்லை. இங்கும் அவன் 'நீர்' என்ன, அவள் 'நீங்கள்' என்றே மறுமொழி கூறுகிறாள்; சொல் இருந்தும் சமத்துவம் இல்லை. சந்தையின் பொருட்டு ஒரு நகரத்துத் தமிழே எல்லாத் தமிழர்க்கும் காதல் மொழி என்று விதிக்கப்பட்டுவிட்டதையே சுட்டுகிறோம்.

பாடல்களுக்கு வருவோம். மேற்கூறிய முதற் படங்களுக்குப் பாட்டெழுதியவர் கம்பதாசன். உழைப்பாளரைப் பாடிய அக்கவிஞர், ஷகீல் பதாயூனியும் மற்றோரும் உருதுவில் எழுதியவற்றை, நௌஷாத், சங்கர்-ஜெய்கிஷன் ஆகியோரின் மெட்டுக்குள் அடக்கித் தமிழாக்கினார். சந்தத்துக்குப் பாடுதல் நமக்குப் புதிதன்று. அருணகிரியாரின் நாட்டிற் பிறந்தவருக்கு அஃது இழிவுமன்று. அவருடைய தமிழை லதா மங்கேஷ்கர் 'வான ரத'த்திலே பாடினார். அம்மொழி அறியாத அக்குரலில் சில எழுத்துக்கள் நலிந்தன. ஆயினும் அப்பாட்டு நிலைத்தது. 'அவன்' படத்தில் ஏ. எம். ராஜாவும் ஜிக்கியும் பாடியவற்றை மொழிமாற்றுப் பாடல்களென எவரும் இன்று நினைவிற் கொள்வதில்லை. நல்ல தமிழ்ப் பாட்டுக்களாகவே அவை வாழ்கின்றன. இத்தொழிலில் உயர்ந்தது எதுவும் விளையாது என்போர்க்கு இது விடையாகுக.

அவ்வாறாயினும் மெட்டுக்குள் அடங்காதது ஒன்றுண்டு. அது உருதுக் கவிதையின் உலகம். விளக்கையும் விட்டிலையும் எடுத்துக்கொள்வோம். உருது கஸலிலே விட்டில் காதலின் தியாகி. சுடருக்குத் தன்னைக் கொடுப்பதனால் அது உயர்கிறது. நமது வழக்கிலே விட்டிற் பூச்சி மடமைக்கு உவமை. ஒளியைக் கண்டு மயங்கி அழிவதனால் அது இகழப்படுகிறது. ஒரு காதலன் தன்னை விட்டில் என்று பாடினால் லக்னோவில் அவன் வீரன். மதுரையில் அவன் ஏமாளி. சொல்லை மாற்றிவிட்டு உலகத்தை மாற்றாமல் விடும்போது, துயர நாயகன் காரணமின்றி அழும் கோழையாகத் தோன்றுகிறான். திலீப் குமாரின் சோகம் தமிழில் அரைக்கால் குறைந்து ஒலிப்பதற்குக் குரல் கொடுத்தவர் மாத்திரம் பொறுப்பாளியல்லர்.

எவ்வகைக் கதைகள் முதலில் தமிழுக்குக் கொண்டுவரப்பட்டன என்பதும் ஆராயத்தக்கது. 'ஆன்' ஒரு கற்பனைச் சமஸ்தானத்தில் நிகழ்வது; செருக்குள்ள இளவரசியை ஒரு கிராமத்து வீரன் தூக்கிச் சென்று வேலை வாங்கி அடக்குவது அதன் காதல். (ஹிந்தியில் 'ஆன்' என்றால் மானம். தமிழ்ப் புலவருக்கு 'ஆன்' பசு. சாதாரண மனிதரின் காதுக்கு அது 'ஆண்'. கதையைப் பார்த்தால் மூன்றாவது பொருளே பொருத்தமானது.) 'வான ரத'மோ ஆகாய விமானம் விழுந்து ஒருவன் போய்ச் சேரும், ஓர் அரசி ஆளும், எந்தத் தேசப்படத்திலும் இல்லாத நாட்டிலே நிகழ்வது. இடமில்லாக் கதைக்கு எம்மொழியும் பொருந்தும். சாதி, கூலி, நெல் விலை எதுவும் அங்கே பேசப்படுவதில்லையாதலின் மொழிபெயர்ப்பாளருக்குச் சிரமமும் இல்லை. இவற்றோடு பார்க்க 'அவன்' மெச்சத்தக்கது. கசநோய் மனிதரைத் தின்ற ஒரு காலத்தின் அச்சம் அதில் இருந்தது. ஒருத்தியின் பெயரில் அவள் தங்கை எழுதும் கடிதங்களாற் காதல் வளர்வது அதன் கதை. இரவற் பெயரிலும் மெய்யான அன்பு பேசப்படலாம் என்பதை மொழிமாற்றுத் தொழிலுக்கு ஆதரவாக எவராவது எடுத்துக்காட்டினால் நாம் மறுக்கமாட்டோம்.

'அக்பர்' தோற்றது ஏன்? ஒவ்வொரு காட்சியும் ஹிந்தி, தமிழ், ஆங்கிலம் என மும்முறை படமாக்கப்பட்டதாகக் கூறப்படுகிறது. ஆகவே உதடு பொருந்தவில்லை என்பது முழுக் காரணமாகாது. இப்படத்தின் உயிர் அதன் உருது. அடிமைப் பெண்ணும் பேரரசனும் ஒரே நாகரிக மொழியைப் பேசுகின்றனர். அம்மொழியிலேயே அவள் அவனை எதிர்த்து நிற்கிறாள். 1961 இல் தமிழ் ரசிகனுக்கு அரசவை வசனம் வேண்டுமாயின் அது அவனிடம் நிறைய இருந்தது. 'மனோகரா'வை 1954 இலும் 'வீரபாண்டிய கட்டபொம்ம'னை 1959 இலும் அவன் கேட்டிருந்தான். அனார்கலியையும் அவன் அறிவான்: 'இல்லற ஜோதி'யில் (1954) கருணாநிதி எழுதிய அனார்கலி நாடகம் இடம்பெற்றது, 1955 இல் 'அனார்கலி' என்றே ஒரு படம் வந்தது. தன் அரசியலும் தன் மொழிப் பெருமையும் கலந்த வசனத்துக்குக் கைதட்டியவன், உதட்டுக்கு அளந்து வெட்டிய வசனத்துக்கு ஏன் கைதட்டுவான்? அவன் கலையறியாதவன் என்று அக்காலத்து வியாபாரிகள் முடிவுகட்டியிருக்கலாம். ரசிகன் சரியாகவே தீர்ப்பளித்தான் என்பது நமது எண்ணம். அத்தோல்வியோடு ஆங்கிலக் குரல் பூட்டும் திட்டமும் கைவிடப்பட்டது.

அடுத்த பெரு வெற்றி 1989 இறுதியில் வெளியான 'மைனே ப்யார் கியா'. தமிழில் அது 'காதல் ஒரு கவிதை'. மூலத் தலைப்பு ஒரு வாக்கியம்: நான் காதலித்தேன். அங்கே ஒரு 'நான்' நின்று பொறுப்பேற்கிறது. தமிழ்த் தலைப்பில் எவரும் இல்லை. பொத்தாம் பொதுவான ஒரு புகழுரை மட்டும் இருக்கிறது. ஆலை முதலாளியின் மகனுக்கும் ஏழைப் பொறி திருத்துநரின் மகளுக்கும் காதல். பெண்ணின் தந்தை நிபந்தனை விதிக்கிறார்: உன் உழைப்பாலே இரண்டாயிரம் ரூபா சம்பாதித்துக் காட்டு. இளைஞன் லொறி ஓட்டுகிறான், கல்லுடைக்கிறான். முதலாளி வீட்டுப் பிள்ளை தொழிலாளியின் உழைப்பின் விலையைத் தன் உடம்பால் அறியும் காட்சி இந்தியச் சனரஞ்சகப் படத்தில் அரிது. அதனை நாம் மதிக்கிறோம். ஆயின் அவனுக்கு அது ஒரு பரீட்சை. தேறியதும் அவன் மாளிகைக்குத் திரும்புவான். அவனோடு கல்லுடைத்தவர்கள் மறுநாளும் அங்கேயே இருப்பர். படம் அவர்களைத் திரும்பிப் பார்ப்பதில்லை. இந்தியா தன் பொருளாதாரக் கதவுகளை அந்நிய மூலதனத்துக்கு அகலத் திறந்த 1991 க்குச் சற்று முன்னர், செல்வத்துக்கும் உழைப்புக்கும் ஒரு கல்யாணம் இவ்வாறு பேசி முடிக்கப்பட்டது. இன்னொரு விசித்திரம்: நாயகனுக்காக ஹிந்தியிலேயே பாடியவர் எஸ். பி. பாலசுப்பிரமணியம். தமிழ்ப் பிரதியில் பாட்டு வரும்போது நாயகன் நம்மவனாகிறான். பாட்டு முடிந்ததும் அந்நியனாகிறான்.

நம்மை அதிகம் சிந்திக்க வைப்பது 'உயிரே'. மணிரத்தினம் 1998 இல் ஹிந்தியில் எடுத்த 'தில் ஸே'யின் தமிழ்ப் பிரதி அது. இசை ஏ. ஆர். ரஹ்மான், தமிழ்ப் பாடல்கள் வைரமுத்து. ஷாருக் கானுக்குக் குரல் கொடுத்தவர் அரவிந்த்சாமி. 'ரோஜா'விலும் (1992) 'பம்பா'யிலும் (1995) தமிழர் கேட்டுப் பழகிய குரல். டில்லியில் அகில இந்திய வானொலியிற் பணிபுரியும் ஒருவன், வடகிழக்கிலிருந்து வரும் ஒரு பெண்ணை விரும்பித் துரத்துகிறான். அவளோ இராணுவத்தின் கொடுமையைச் சிறுவயதிற் கண்டவள். குடியரசு தினத்தன்று தன்னையே வெடியாக்க வந்தவள். மூலப் படத்திலே மத்தியின் மொழியைப் பேசுகிறவன் எல்லைப்புறத்துப் பெண்ணிடம், தன் மொழியிலே, தன் காதலுக்குப் பதில் கேட்கிறான். அவள் மௌனம் சாதிப்பதற்கு ஓர் அரசியல் இருக்கிறது. தமிழ்ப் பிரதியிலோ அவனும் அவளும் ஒரே தமிழைப் பேசுகின்றனர். ஆள்வோன் மொழிக்கும் ஆளப்படுவோள் மொழிக்கும் இடையிலிருந்த தூரம் ஒலிப்பதிவுக் கூடத்தில் அழிக்கப்பட்டுவிட்டது. எஞ்சியிருப்பது பிடிவாதக்காரியான ஒரு பெண்ணும் பொறுமைசாலியான ஒரு காதலனும். போதாக்குறைக்கு, அவன் 'ரோஜா'வின் தேசபக்தனுடைய குரலிற் பேசுகிறான். நியாயம் எவர் பக்கம் என்பது அவன் வாய் திறக்குமுன்னரே செவிக்குச் சொல்லப்பட்டுவிடுகிறது.

1956 இன் பின், அரசாங்கக் கந்தோரில் நமக்கு விளங்காத மொழியிற் கடிதம் வந்ததை அறிந்த ஒரு சமுதாயம், அதன் பின் வந்தவற்றையெல்லாம் கண்ட ஒரு சமுதாயம், இப்படத்தைத் தமிழிற் பார்த்து அவனுக்காகக் கண்ணீர் விட்டிருக்கலாம். மூலத்தை உபதலைப்புக்களுடன் பார்த்திருப்பின் அவள் பக்கமும் அக்கண்ணீரிற் சிறிது சென்றிருக்கும். பாடல்களின் அழகைக் குறைத்துப் பேசுவது நமது நோக்கமன்று. வைரமுத்துவின் வரிகள் மூலத்துக்குக் கடன்பட்டு நிற்பனவல்ல.

சின்னத்திரையைப் பற்றி ஒரு வார்த்தை. குழந்தை மணத்தைப் பற்றிய 'பாலிகா வது' என்ற தொடரின் பெயருக்குப் பாலிய மணப்பெண் என்பது பொருள். தமிழில் அது 'மண் வாசனை'. குற்றத்தின் பெயர் நீங்கி மணம் கமழ்கிறது. இதற்குமேல் விளக்கம் வேண்டுவதில்லை.

இன்று 'ஜோதா அக்ப'ரும் (2008) 'பத்மாவ'த்தும் (2018) தமிழிற் பேசிவிட்டன. வீட்டுத் திரையிலே ஒரு பொத்தானை அழுத்தினால் அதே முகம் ஹிந்தியிலும் தமிழிலும் பேசுகிறது. முன்னர் விநியோகஸ்தர் தீர்மானித்ததை இப்போது பார்ப்பவரே தீர்மானிக்கலாம். குரல் கொடுத்தவரின் பெயரும் வசனத்தைத் தமிழாக்கியவரின் பெயரும் மட்டும் முன்போலவே பெரும்பாலும் மறைந்திருக்கின்றன. படத்தின் விளம்பரத்தில் ஒரு நட்சத்திரம் குரல் கொடுத்தால் அது செய்தி. தொழிலாளி குரல் கொடுத்தால் அது கூலிவேலை. அப்பெயர்களை விளம்பரத்திற் கேட்டு வாங்கவேண்டியது அவர்களது சங்கத்தின் பணி. அவர்களுடைய வேலையை வேலையென மதித்து விமர்சிக்கவேண்டியது நமது பணி.

ஆசிரியர்கள் இப்பொத்தானைப் பயன்படுத்தலாம் என்பது நமது யோசனை. காதலர் முதன்முதலிற் சந்திக்கும் காட்சியொன்றை, பத்து நிமிடத்துக்கு மேற்படாமல், முதலில் ஹிந்தியிலும் பின்னர் தமிழிலுமாக வகுப்பிற் காட்டுக. ஹிந்தி அறியாத மாணவருக்கும் 'ஆப்', 'தும்' என்ற இரு சொற்களை அடையாளங்காட்டிவிட்டாற் போதும். எவர் எவரை எத்தனை முறை 'நீ' என்கிறார், எத்தனை முறை 'நீங்கள்' என்கிறார் என்று கரும்பலகையில் இரு நிரல்களாக அவர்களே எண்ணி எழுதட்டும்.